எதிர்முனையில் நின்றவள்

ஜூன் 4

சிலிண்டர் போடுகிறவர் வாசலில் நின்றுகொண்டிருந்தபோது போன் வந்தது. தாரணி என்று பெயர் சொன்னாள். பெண்கள் கிரிக்கெட்டின் ஆரம்ப காலத்தைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறாளாம். "மேடம், பழைய படம் ரெண்டுலயும் உங்க பேட்டிதான் மனசுல நிக்குது. நீங்க இல்லாம இதை எடுக்க முடியாது" என்றாள். கசிவு இருக்கிறதா என்றுகூடப் பார்க்காமல் சிலிண்டருக்குக் கையெழுத்துப் போட்டு அனுப்பிவிட்டேன்.

இது மூன்றாவது படம். முதலாவது 96-ல் தொலைக்காட்சிக்காக எடுத்தது. இரண்டாவது 2009-ல். மாநிலத்துக்குப் பதினொரு வருஷம் ஆடியிருக்கிறேன், இந்தியாவுக்கு ஆறு ஆட்டம். அதெல்லாம் யாருக்கும் நினைவில்லை. சர்ச்சில்கூட, "டிவியில உங்க பிரெண்டு கதையைச் சொன்னீங்களே, சுகிர்தாக்கா, அழுதுட்டேன்" என்றுதான் சொல்கிறார்கள். என் ஆட்டமெல்லாம் சுருங்கி அந்த நாலு நிமிஷப் பேச்சாகிவிட்டது.

தாரணிக்கும் அந்தக் கதைதான் வேண்டும். "கோமளவல்லி மேடத்தோட அப்பா இறந்த அந்த பெங்களூர் மேட்ச்" என்றாள். 22-ஆம் தேதி வருகிறார்கள். அதற்குள் ஹால் திரைச்சீலைகளைத் துவைக்க வேண்டும்.

ஜூன் 6

நங்கநல்லூர் போய்க் கோமளாவைப் பார்த்தேன். டயாலிசிஸ் இல்லாத நாள் என்பதால் கொஞ்சம் தெம்பாக இருந்தாள். கை மட்டும் கன்றிப்போய் நீலம் பாரித்திருக்கிறது. அவள் மகள் மாலினி ஆபீஸ் கிளம்பிக்கொண்டிருந்தாள். "அம்மாவை ரொம்பப் பேச வைக்காதீங்க ஆன்ட்டி" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

படத்தைப் பற்றிச் சொன்னேன். தன்னால் கேமரா முன்னால் உட்கார முடியாது என்றாள். பிறகு தலையணையைச் சரிசெய்துகொண்டே, "சுகி, இந்தத் தடவை அப்பா கதை வேண்டாம்டி" என்றாள்.

"அவங்க அதைத்தானே கேட்பாங்க."

"கேட்கட்டுமே. நாம ஜெயிச்ச மேட்ச் எத்தனை இருக்கு. அதைச் சொல்லேன்."

பார்க்கலாம் என்றேன். பேச்சை மாற்ற, கோயம்புத்தூரில் அவள் தேங்காய் நார் விரித்த பிட்ச்சில் ஆடி முட்டியைத் தேய்த்துக்கொண்டதைப் பற்றிப் பேசினேன். சிரித்தாள். சிரித்தால் மூச்சு வாங்குகிறது. திரும்பும்போது பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்தது.

ஜூன் 9

ஆராதனை. பிரசங்கம் நீளம். மதியம் மீன் குழம்பு.

ஜூன் 15

திரைச்சீலைகள் துவைத்தாயிற்று. ஒன்று கிழிந்திருக்கிறது, மடிப்பில் மறையும்.

22-ஆம் தேதிக்கு என்ன சொல்வது என்று எழுதிப் பார்க்கிறேன். இரண்டு படங்களிலும் சொன்னதைத்தான். 1977, பெங்களூர், வெளிநாட்டு அணியுடன் மூன்று நாள் ஆட்டம். நானும் கோமளாவும் தொடக்க ஆட்டக்காரர்கள். இரண்டாம் நாள் காலையில் எங்கள் ஹாஸ்டலுக்குத் தந்தி வருகிறது. கும்பகோணத்தில் அவள் அப்பா இறந்துவிட்டார். அவள் அதை என்னிடம் மட்டும் காட்டுகிறாள். "யார்கிட்டயும் சொல்லாதே சுகி. அப்பாதான் எனக்கு முதல்ல ஷூ வாங்கிக் கொடுத்தார். ஆடிட்டுத்தான் போவேன்" என்கிறாள். கண்ணாடியைப் பார்த்துப் பொட்டு வைத்துக்கொண்டு மைதானத்துக்கு வருகிறாள். 83 ரன். நான் 41. ஆட்டத்தைக் காப்பாற்றிவிட்டு, மூன்றாம் நாள் சாயங்காலம் ஊருக்குப் பஸ் ஏறுகிறாள்.

கண்ணாடியும் பொட்டும் 2009-ல் சேர்ந்தவை.

முதல் படத்தில் பேட்டி எடுத்தவர் பாதியில் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். எங்களுக்கு மைதானம் கொடுக்காதது, உடை மாற்ற இடமில்லாமல் பஸ்ஸுக்குள் மாற்றிக்கொண்டது, இதையெல்லாம் ஏற்கெனவே இரண்டு பேர் அவரிடம் சொல்லியிருந்தார்கள். "மனசைத் தொடற மாதிரி ஏதாவது?" என்று கேட்டார். அப்போது வாயில் வந்ததுதான் இது.

அந்தப் படம் ஒளிபரப்பான பிறகு கோமளாவின் அண்ணன் அவளோடு பேச்சை நிறுத்திக்கொண்டார். இன்று வரை பேசவில்லை. குடும்பங்களில் மனஸ்தாபத்துக்கு ஆயிரம் காரணம் இருக்கும்.

ஜூன் 22

காலை ஒன்பதுக்கு வந்து மூன்று மணிக்குத்தான் போனார்கள். தாரணிக்கு முப்பத்தைந்து வயது இருக்கும். பரபரப்பில்லாத பெண். நாற்காலியை ஜன்னல் பக்கம் போட்டார்கள். கிழிசல் தெரியவில்லை.

மைதானம், உடை, ரயிலில் கழிப்பறைப் பக்கத்தில் மூட்டைமேல் உட்கார்ந்து போனது எல்லாவற்றையும் சொன்னேன். பிறகு அவள் கேட்டாள். கோமளா வேண்டாம் என்று சொன்னது நினைவுக்கு வந்தது. இருந்தும் சொன்னேன். ஷூ வாங்கிக் கொடுத்தார் என்ற இடத்தில் வழக்கம்போலக் குரல் உடைந்தது. ஒலிப்பதிவு செய்தவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

தாரணி மட்டும் அழவில்லை. "அந்தத் தந்தி இப்ப யார்கிட்ட இருக்கு மேடம்?" என்று கேட்டாள். தெரியாது என்றேன். "கும்பகோணத்துல அவங்க அண்ணன் இருக்காராமே. அடுத்த வாரம் போய்ப் பார்க்கலாம்னு இருக்கோம்" என்றாள்.

அவர் வயசானவர், தொந்தரவு செய்ய வேண்டாம் என்று சொன்னேன். தலையாட்டிக்கொண்டாள்.

ஜூன் 23

தலைவலி. சர்ச்சுக்குப் போகவில்லை.

ஜூலை 2

தாரணி கும்பகோணத்திலிருந்து திரும்பி வந்து போன் செய்தாள். அண்ணன் ஆராவமுதன் கேமராவை வாசற்படி ஏற விடவில்லையாம். வெளியே நிற்க வைத்தே இரண்டு வாக்கியம் பேசியிருக்கிறார். "அப்பா சீரியஸ், உடனே புறப்படுன்னு தந்தி அடிச்சது நான்தான். அதுக்கப்புறம் அவர் ரெண்டு நாள் உசிரோட இருந்தார்."

"நீங்க அப்பா இறந்துட்டார்னு தந்தி வந்ததா சொன்னீங்களே மேடம்" என்றாள் தாரணி. குரலில் குற்றம் சாட்டுவது எதுவும் இல்லை. சரிபார்த்துக்கொள்கிறாள், அவ்வளவுதான்.

"நாற்பத்தேழு வருஷம் ஆச்சும்மா. எனக்குச் சரியா ஞாபகம் இல்ல" என்றேன்.

"பரவால்ல மேடம். யோசிச்சுச் சொல்லுங்க."

சாயங்காலம் முட்டிக்கு ஒத்தடம். அரிசியில் வண்டு, முறத்தில் கொட்டிப் புடைத்தேன்.

ஜூலை 3

ஞாபகம் இருக்கிறது.

இரண்டாம் நாள் காலை எட்டு மணி. மற்றவர்கள் எல்லாம் கீழே பஸ்ஸில் ஏறிவிட்டார்கள். கோமளாவும்தான். நான் ஜடையைக் கட்டிக்கொண்டு கடைசியாக இறங்கினேன். வார்டன் அம்மா என் கையில் தந்தியைக் கொடுத்து, "உன் ரூம்மேட்டுக்கு" என்றார். படியிலேயே பிரித்துப் படித்தேன்.

அந்தக் காலத்தில் சீரியஸ் என்று தந்தி வந்தால் முடிந்துவிட்டது என்றுதான் அர்த்தம். வருகிற ஆள் வழியில் இடிந்துபோய்விடக் கூடாது என்று யாரும் இறந்துவிட்டார் என்று அடிக்க மாட்டார்கள். எங்கள் பெரியப்பா தந்தியும் அப்படித்தான் வந்தது. அதனால் இறந்துவிட்டார் என்றே நினைத்தேன். இப்போது கொடுத்தால் என்ன, நாளைக்குக் கொடுத்தால் என்ன என்று நினைத்தேன்.

இது முழு உண்மையில்லை. அந்த ஆட்டம் முடிந்ததும் வெளிநாட்டுப் பயணத்துக்கு ஆள் எடுக்கப்போகிறார்கள். எதிர்முனையில் கோமளா இல்லாவிட்டால் எனக்குக் கால் ஓடாது. ரன்னுக்குக் கூப்பிடுவது அவள்தான். அவள் "வா" என்றால் ஓடுவேன், "நில்லு" என்றால் நிற்பேன். அவள் போய்விட்டால் நான் பத்து ரன்கூடத் தாண்ட மாட்டேன் என்று அந்தப் படியில் நின்றபோதே தெரிந்தது. தந்தியை மடித்துப் பையில் முட்டிக்காப்புக்கு அடியில் வைத்தேன். பஸ்ஸில் அவள் எனக்கு ஜன்னலோரம் இடம் பிடித்து வைத்திருந்தாள்.

மூன்றாம் நாள் சாயங்காலம் ஆட்டம் முடிந்து, கை குலுக்கி, டீ குடித்த பிறகு, "இப்பத்தான் வந்துச்சு" என்று கொடுத்தேன்.

மறுநாள் மதியம் அவள் ஊர் போய்ச் சேர்ந்தபோது, காலையிலேயே தகனம் முடிந்திருந்தது. அவள் அப்பா இறந்தது முந்தின நாள் சாயங்காலம். நாங்கள் கை குலுக்கிக்கொண்டிருந்த நேரமாக இருக்கும். தந்தி தாமதமாக வந்தது என்று வீட்டில் சொன்னதாகப் பிறகு என்னிடம் சொன்னாள். பத்தொன்பது வருஷம் அவர்கள் அதை நம்பினார்கள். அதற்குப் பிறகு நான் டிவியில் பேசினேன்.

பயணத்துக்கு என்னையும் எடுத்தார்கள்.

ஜூலை 11

ஆஸ்பத்திரியில் கோமளாவின் டயாலிசிஸ் நாள். மாலினிக்கு ஆபீஸில் வேலை இருந்ததால் நான் துணைக்குப் போனேன். நாலு மணி நேரம். மெஷின் ஓட ஆரம்பித்துச் சிறிது நேரம் கழித்துச் சொல்லிவிட்டேன். வரும் வழியில் ஒத்திகை பார்த்த வார்த்தை ஒன்றுகூட வரவில்லை. "கோமளா, அந்தத் தந்தி இரண்டாம் நாள் காலையிலேயே வந்திடுச்சு" என்றேன்.

"தெரியும்" என்றாள்.

"எப்படி?" என்றேன்.

"தந்தியில தபாலாபீஸ் முத்திரை இருக்குமேடி. தேதி, நேரம் எல்லாம். சேலம் தாண்டி பஸ் ஒரு ஓட்டல்ல நின்னுது. அந்த வெளிச்சத்துல பார்த்தேன்."

"ஏன் என்னைக் கேட்கல?"

"என்னன்னு கேட்கறது? அந்த வருஷம் ஸ்டேட் மேட்ச்ல எல்லாம் நான் மூணாவதா இறங்கறேன்னு கேட்டு வாங்கிண்டேனே, ஞாபகம் இருக்கா?"

இருந்தது. தோள்பட்டை வலி என்று சொன்னாள். நான் நம்பினேன். ஒரு வருஷம் முழுவதும் என்னோடு இறங்காமல் இருந்திருக்கிறாள்.

"அப்புறம் தணிஞ்சு போச்சு. உன்னை விட்டா அந்த மேட்ச்சைப் பத்திப் பேச எனக்கு யாரு இருக்கா, சொல்லு. ஆம்படையானுக்குக் கிரிக்கெட்டே பிடிக்காது. மாலினிக்கு நான் பேட் பிடிச்சதே நம்பிக்கை இல்லை."

நர்ஸ் வந்து இரத்த அழுத்தம் பார்த்துவிட்டுப் போனார்.

"நீ குடுத்திருந்தா நான் போயிருப்பேனா, ஆடியிருப்பேனா, எனக்கே தெரியலைடி. போயிருப்பேன்னு சில நாள் தோணும். ஆடிட்டுத்தான் போயிருப்பேன்னு சில நாள் தோணும். நான் யாருன்னு அன்னிக்குத் தெரிஞ்சிருக்கும். அது தெரியாமலே போயிடுத்து. அதுதான் எனக்கு."

நான் அழுதேன். கேமரா முன்னால் வருகிற அழுகை இல்லை. மூக்கு ஒழுகியது, கைக்குட்டை கொண்டு போகவில்லை.

"டிவியில நீ சொன்னப்புறம் அண்ணாவுக்கு ரெண்டு லெட்டர் போட்டேன். பிரிக்காமத் திருப்பி அனுப்பிட்டான். நீயாப் போய்ச் சொல்லுவேன்னு பார்த்துண்டே இருந்தேன்." மூச்சு வாங்கிக்கொண்டாள். "சினிமாக்காராளுக்குச் சொல்றதும் சொல்லாததும் உன் இஷ்டம். அண்ணாகிட்ட மட்டும் போய்ச் சொல்லிடு. அவன் ஒரு தடவை வந்து பார்த்துட்டுப் போகட்டும்."

இந்த வாரமே போகிறேன் என்று அவள் கையைப் பிடித்துச் சொன்னேன். ஊசி போடாத கையை.

ஜூலை 14

கும்பகோணம் ரயிலில் காத்திருப்புப் பட்டியல்தான் கிடைக்கிறது.

ஜூலை 19

முட்டி வீக்கம். பஸ்ஸில் ஏழு மணி நேரம் உட்கார முடியாது என்று டாக்டர் சொல்கிறார். நான்தான் அவரிடம் கேட்டேன்.

ஜூலை 24

அண்ணனுக்குக் கடிதமாக எழுதினால் என்ன என்று மூன்று பக்கம் எழுதினேன். அவர் பிரிக்க மாட்டார். கிழித்துப் போட்டேன். மதியம் குழாய் ரிப்பேர்காரர் வந்தார். வேலை முடிய நாலு மணி ஆகிவிட்டது.

ஜூலை 29

கோமளா போன் செய்தாள். "போனியா?" என்று கேட்கவில்லை. மழை பெய்கிறதா என்று கேட்டாள். இங்கே பெய்கிறது, அங்கே இல்லை என்று பேசிக்கொண்டோம். ஆகஸ்ட் 10-க்கு டிக்கெட் உறுதியாகிவிட்டது, அவளிடம் சொன்னேன். "சரிடி" என்றாள்.

ஆகஸ்ட் 6

நெஞ்சில் நீர் கோத்துக்கொண்டதாம். ஐசியுவில் சேர்த்திருக்கிறார்கள். கண்ணாடிக்கு வெளியிலிருந்து பார்த்தேன்.

ஆகஸ்ட் 8

காலை ஆறு இருபதுக்குப் போய்விட்டாள்.

ஆகஸ்ட் 9

நேற்று மதியம் எடுத்தார்கள். பழைய ஆட்டக்காரிகள் ஏழு பேர் வந்திருந்தோம். அதில் இரண்டு பேர் ஊன்றுகோலோடு. மாலினி பெரியமாமாவுக்குப் போன் செய்ததாகச் சொன்னாள். மாமி எடுத்து, சொல்கிறேன் என்றாராம். வண்டி கிளம்புகிற வரை மாலினி தெருமுனையைப் பார்த்துக்கொண்டே நின்றாள். நானும் பார்த்தேன். ஆட்டோ வந்தபோதெல்லாம் யாரோ இறங்கினார்கள், அவர் இல்லை.

நாளைய டிக்கெட்டை ரத்து செய்தேன்.

ஆகஸ்ட் 17

யாரோடும் பேசவில்லை. சாப்பாடு இரண்டு வேளை.

ஆகஸ்ட் 22

தாரணியை நானே கூப்பிட்டேன். மறுபடி பேச வேண்டும் என்றேன். இன்று ஒரே கேமராவோடு வந்தாள்.

படியில் தந்தியை வாங்கியதிலிருந்து ஆரம்பித்து ஆஸ்பத்திரியில் கோமளா சொன்னது வரை எல்லாவற்றையும் சொன்னேன். இருபது நிமிஷம். இந்தத் தடவை குரல் எங்கேயும் உடையவில்லை. கணக்குப் பாடம் ஒப்பிப்பது போல வந்தது. முடித்ததும் தாரணி கேமராவை நிறுத்தினாள்.

"இதைப் போட்டா எல்லாரும் உங்களைத் திட்டுவாங்க மேடம்."

"போடு."

"அந்தப் பழைய படம் ரெண்டுல நீங்க பேசினதையும் பக்கத்துல வைக்க வேண்டியிருக்கும். அப்பத்தான் புரியும்."

"வை" என்றேன்.

போகும்போது என் கையைத் தொடவில்லை. போன முறை தொட்டாள்.

ஆகஸ்ட் 24

மாலினியிடம் படம் வருவதற்கு முன்னால் நானே சொல்ல வேண்டும் என்று நங்கநல்லூர் போனேன். கேட்டுக்கொண்டிருந்தாள். கோமளாவின் கட்டிலை மடக்கிச் சுவரில் சாய்த்திருந்தார்கள்.

"அம்மாவுக்கு இது தெரியுமா?"

"தெரியும்."

"எப்பலேர்ந்து?"

"அன்னிக்கு பஸ்லேர்ந்தே."

"அப்ப ஏன் உங்களைக் கூடவே வச்சிருந்தா?"

நான் பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன். "நீங்க கிளம்புங்க ஆன்ட்டி, எனக்கு வேலை இருக்கு" என்றாள்.

செப்டம்பர் 5

காலை ரயிலில் கும்பகோணம். முட்டி வலிக்கத்தான் செய்தது, போக முடியாத அளவுக்கு இல்லை.

ஆராவமுதன் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். எழுபத்தேழு வயது. மெலிந்த உடம்பு. கோமளாவின் நெற்றி, கோமளாவின் காது. அவர் மனைவிதான் கதவைத் திறந்தார். பெயரைச் சொன்னதும் ஆராவமுதன் உள்ளிருந்தே, "டிவியில வந்தவளா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். பிறகு மனைவியிடம், "உட்காரச் சொல்லு" என்றார்.

எதிரே உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். குறுக்கே பேசவில்லை. நான் முடித்ததும் கண்ணைத் திறந்தார்.

"செத்தவளைக் காப்பாத்தறதுக்காகச் சொல்றேளா?"

"இல்லங்க. நடந்ததைத்தான் சொல்றேன்."

"அன்னிக்கும் நடந்ததைத்தான் சொல்றேன்னு சொன்னேள். நான் எதை நம்பறது?"

நான் தலை குனிந்துகொண்டேன்.

"இதை எங்கிட்டச் சொல்லணும்னு உங்களுக்கா தோணித்தா?"

"கோமளா சொல்லச் சொன்னா."

"எப்போ?"

"ஜூலை பதினொண்ணு."

விரலை மடக்கிக் கணக்குப் பார்த்தார். "அவ போனது ஆகஸ்ட் எட்டு. நாலு வாரம்." என் முகத்தை நேராகப் பார்த்தார். "அப்போ ஒரு சேதியை ரெண்டு நாள் வச்சுண்டேள். இப்போ ஒரு சேதியை நாலு வாரம் வச்சுண்டேள்."

நான் இதை ஒரு தடவைகூட அப்படி நினைத்துப் பார்த்திருக்கவில்லை. பிரயாணம் முழுக்க 77-ஐப் பற்றித்தான் மன்னிப்புக் கேட்கத் தயார் செய்துகொண்டு வந்திருந்தேன்.

அவர் மனைவி தண்ணீர் கொண்டு வந்து வைத்தார். யாரும் தொடவில்லை.

"அப்பா ரெண்டு நாளும் வாசலையே பார்த்துண்டிருந்தார்" என்றார் ஆராவமுதன். "கோமளா எங்கேன்னு கேட்டார். ரயில் லேட்டுப்பா, விழுப்புரம் தாண்டிட்டாளாம்னு சொன்னேன். மறுநாள் மாயவரம் வந்துட்டாளாம்னு சொன்னேன். பெங்களூர்லேர்ந்து வர்றவ எதுக்கு விழுப்புரம் வழியா வரப்போறான்னு அவருக்குத் தோணலை. ஹெட்மாஸ்டரா இருந்தவர். நான் சொன்னதை நம்பிண்டே போனார்." மேல்துண்டால் வாயைத் துடைத்துக்கொண்டார். "அதனாலதான் எனக்கு அவமேல அவ்வளவு கோபம். அவளுக்காக நான் பொய் சொல்லிண்டிருந்தப்போ அவ அங்கே பந்தாடிண்டிருந்தாளேன்னு."

பிறகு, "மாலினி போன் பண்ணின அன்னிக்குச் சட்டையை மாட்டிண்டு இந்த நாற்காலியிலதான் உட்கார்ந்திருந்தேன். சாயங்காலம் வரைக்கும். கிளம்பலை" என்றார்.

நான் எழுந்து கும்பிட்டேன். அவர் கும்பிடவில்லை. அவர் மனைவிதான் வாசல் வரை வந்து, ஸ்டேஷனுக்கு எந்தப் பக்கம் போக வேண்டும் என்று காட்டினார்.

அக்டோபர் 20

மழை. பால்கனியில் தண்ணீர் தேங்கி ஹாலுக்குள் வந்துவிட்டது. துடைப்பத்தால் தள்ளித் தள்ளி இடுப்பு விட்டுப்போயிற்று. மாலினிக்குப் போன் செய்தேன். எடுக்கவில்லை. இது ஐந்தாவது தடவை, இனிமேல் செய்யக் கூடாது.

டிசம்பர் 12

நேற்றுப் படம் இணையத்தில் வெளியானது. இன்று மதியம் தனியாக உட்கார்ந்து பார்த்தேன்.

தாரணி சொன்னபடியே மூன்று சுகிர்தாக்களையும் அடுத்தடுத்து வைத்திருக்கிறாள். 96-ல் கறுப்பு முடியோடு ஒருத்தி பொய் சொல்கிறாள். 2009-ல் பாதி நரையோடு ஒருத்தி இன்னும் அழகாகச் சொல்கிறாள். பிறகு நான். பழைய ஆட்டக்காரிகளின் வாட்ஸ்அப் குழுவில் காலையிலிருந்து ஒரு சத்தமும் இல்லை. பத்தரை மணிக்கு ஒருத்தி மட்டும் எழுதியிருந்தாள்: "இத்தனை வருஷம் அவளை வச்சு நீ பேர் வாங்கிட்டிருந்தே." அதற்கு நாலு பேர் கட்டைவிரல் போட்டிருந்தார்கள்.

நான் எதிர்பார்க்காதது ஒன்று படத்தில் இருந்தது. பெங்களூரில் யாரோ ஒருவர் பாதுகாத்து வைத்திருந்த பழைய செய்திச்சுருள். தாரணி அதை என்னிடம் சொல்லவில்லை. அந்த ஆட்டத்தின் இரண்டாம் நாள், பதினைந்து விநாடி, சத்தமில்லாத கறுப்பு வெள்ளை. கோமளா முட்டி போட்டுப் பந்தைப் பின்பக்கம் திருப்பி அடிக்கிறாள். கையைத் தூக்கி "நில்லு" என்கிறாள். எதிர்முனையில் நின்று அவளையே பார்த்துக்கொண்டிருப்பது நான். பந்து எல்லையைத் தொட்டதும் அவள் என்னைப் பார்த்துச் சிரிக்கிறாள். இருபத்திரண்டு வயதுக்காரி, பல் எல்லாம் தெரிகிற மாதிரி. மனதில் ஒன்றுமில்லாதவள்தான் அப்படிச் சிரிக்க முடியும். நானும் சிரிக்கிறேன். என் சிரிப்பை நான் பார்க்கவில்லை. அந்த இடத்தில் கண்ணை மூடிக்கொண்டேன்.

சாயங்காலம் ஐந்து மணிக்குத் தெரியாத எண்ணிலிருந்து போன் வந்தது. திட்டத்தான் யாரோ என்று நினைத்து எடுத்தேன்.

"கும்பகோணத்துலேர்ந்து பேசறேன். ஆராவமுதன்."

"சொல்லுங்க."

"மாலினி இந்தப் படத்தை என் போனுக்கு அனுப்பிச்சிருந்தா. பார்த்தேன்." மூச்சு விடும் சத்தம் கேட்டது. "அதுல முட்டி போட்டு அடிக்கறது கோமளாதானே?"

"ஆமாங்க."

"அவ ஆடி நான் பார்த்ததே இல்லை. அப்பா ஒரு தடவை மெட்ராஸ் போய்ப் பார்த்திருக்கார். நான் போகலை."

போனை மறு காதுக்கு மாற்றிக்கொண்டேன்.

"சிரிக்கறாளே" என்றார்.

"ஆமாங்க."

"அப்போ அவளுக்கு நெஜமாவே தெரியாது."

"தெரியாதுங்க."

வைத்துவிட்டார் போலிருக்கிறது என்று போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தேன். வைக்கவில்லை.

"அந்தப் பந்துக்கு எத்தனை ரன்?"

"நாலு."

"அந்த இடம் படத்துல எத்தனாவது நிமிஷத்துல வர்றது? தேடினேன், மறுபடி கிடைக்கலை."

"முப்பத்தெட்டாவது நிமிஷம்."

"இருங்கோ, எழுதிக்கறேன்" என்றார். பேனாவைத் தேடுகிற சத்தமும், மேஜை இழுப்பறை திறக்கிற சத்தமும் கேட்டன. பிறகு, "முப்பத்தெட்டு" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டே எழுதினார்.

வேறு எதுவும் சொல்லாமல் போனை வைத்துவிட்டார்.